முன்பின்மானி: விளைவு முந்திக்கொண்ட ஒரு சோதனையின் முழு ஆய்வு

கடலூர் சில்வர் பீச்சில் ஒரு பையன் இரும்புக் குழாயைச் சுத்தியலால் தட்டினான். பக்கத்தில் படகு நிழலில் இருந்த பெட்டி, தட்டிய நேரத்தைப் பதிவு செய்தது. 350 மீட்டர் வடக்கே மணலில் இருந்த இன்னொரு பெட்டி, சத்தம் வந்து சேர்ந்த நேரத்தைப் பதிவு செய்தது. இரண்டு பதிவையும் ஒப்பிட்டுப் பார்த்தால், சத்தம் போய்ச் சேர்ந்தது தட்டியதற்கு 0.4 நொடி முன்னால். இன்னும் சில முறை தட்டிப் பார்த்தோம். ஒவ்வொரு முறையும் ஏறத்தாழ அதே 0.4.

அந்தப் பெட்டிகளுக்கு முன்பின்மானி என்று பெயர். உலகத்தில் அப்படி ஒரு கருவி கிடையாது. புதுச்சேரியில் நாடகம் போடும் ஒரு இளைஞர் குழு தங்கள் கதைக்காக உண்டாக்கிய கருவி அது. கடலூர் முதுநகரின் பழைய துறைமுகத்தில் ஒரு பெட்டி இருக்கிறது; காலத்தில் கலக்கம் வந்தாலோ, காரணமும் விளைவும் இடம் மாறினாலோ அதன் முள் அசையும். கதை அதைச் சுற்றித்தான் ஓடுகிறது. மேடையில் அட்டைப்பெட்டியை வைத்து ஒப்பேற்ற அவர்களுக்கு மனமில்லை. பார்க்க வருபவர்களில் பாதிப் பேர் ஆலையில் வேலை பார்ப்பவர்கள், மீட்டரையும் முள்ளையும் தினமும் பார்ப்பவர்கள், அவர்கள் நம்ப வேண்டும் என்றார்கள். அப்படித்தான் என்னிடம் வந்தார்கள். நான் இன்ஸ்ட்ருமென்ட் ஆள். பிரஷர் கேஜ், டிரான்ஸ்மிட்டர், அலாரம் பேனல், காலிப்ரேஷன், இதுதான் என் பிழைப்பு.

முதல் சோதனையிலேயே முள் அசைந்துவிட்டது. குழுவுக்கு ஒரே சந்தோஷம். புரோகிராம் எழுதிய பெண் என்னைப் பார்த்துக் கேட்டாள்: "அண்ணா, நிஜமாவே காலம் கலைஞ்சிருந்தா இப்படித்தானே காட்டும்?"

"காட்டும்மா. கடிகாரம் கெட்டிருந்தாலும் இப்படியேதான் காட்டும். இந்த ரெண்டையும் பிரிச்சுச் சொல்லத் தெரியாத பெட்டியை மானின்னு சொல்லக் கூடாது."

அந்த 0.4 நொடி எங்கிருந்து வந்தது, அதைக் கண்டுபிடிக்கும் முறை ஒரு கற்பனைக் கருவிக்குள் எப்படிப் போய்ச் சேர்ந்தது என்பதுதான் இந்த ஆய்வு.

ஆறு நொடி

இதில் எனக்கு ஏன் இவ்வளவு பிடிவாதம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். முன்பு நான் வேலை பார்த்த ஒரு ஆலையில், இரவு ஷிப்டில் யூனிட் டிரிப் ஆனது, அதாவது பாதுகாப்புக்காகத் தானாகவே நின்றுவிட்டது. விசாரணையில் இரண்டு பதிவுகளை எடுத்தார்கள். கன்ட்ரோல் ரூம் பதிவில், ஆபரேட்டர் வால்வை மூடியது 2:14:07. கம்ப்ரஸருடன் தனியாக வந்த பேனலின் பதிவில், அழுத்தம் எல்லை மீறியது 2:14:12. இதைப் படிப்பவர் யாராக இருந்தாலும் ஒரே முடிவுக்குத்தான் வருவார்: இவர் வால்வை மூடினார், அதனால் அழுத்தம் ஏறியது. ஆபரேட்டருக்கு மெமோ கொடுத்தார்கள். அவரோ, அலாரம் அடித்த பிறகுதான் மூடினேன் என்று தலையில் அடித்துக்கொண்டு சொன்னார். எழுத்தில் இருப்பதை விட்டுவிட்டு வாயால் சொல்வதை யார் கேட்பார்கள்?

இரண்டு பதிவிலும் பொதுவாக ஏதாவது ஒன்று இருக்கிறதா என்று தேடினோம். இருந்தது. அதே இரவு மின்சாரம் ஒரு கணம் தடுமாறியிருந்தது. கன்ட்ரோல் ரூம் அதை 1:37:20 என்றது; கம்ப்ரஸர் பேனல் 1:37:31 என்றது. ஒரே லைனில் வந்த ஒரே தடுமாற்றம், இரண்டுக்கும் ஒரே கணத்தில்தான் தெரிந்திருக்க வேண்டும். அப்படியானால் கம்ப்ரஸர் பேனலின் கடிகாரம் 11 நொடி முன்னால் ஓடுகிறது. பேனலை நிறுவிய அன்று கையால் நேரம் வைத்ததோடு சரி, அப்புறம் யாரும் அதைத் தொடவில்லை. 11 நொடியைக் கழித்தால் அழுத்தம் மீறியது 2:14:01. வால்வை மூடியது அதற்கு 6 நொடி கழித்து. மெமோவைத் திரும்பப் பெற்றார்கள்.

எது முன், எது பின் என்ற கேள்வி தத்துவப் புத்தகத்துக்கு மட்டும் உரியது இல்லை. யார் மீது பழி விழும் என்பதை அதுதான் முடிவு செய்கிறது. பெரிய ஆலைகளில் நிகழ்வு வரிசையைப் பதிவு செய்யவே தனிக் கருவி வைப்பது இதற்காகத்தான். ஒரு டிரிப் என்றால் சில நொடிகளுக்குள் நூற்றுக்கணக்கான அலாரம் கொட்டும். அதில் முதலில் வந்தது எது என்று ஒரு மில்லிநொடி வரை பிரித்துச் சொல்வது அதன் வேலை. சாதாரண கன்ட்ரோல் சிஸ்டம் பல அலாரங்களை வரிசையாக ஒரு சுற்று பார்த்துவிட்டு வரவே அரை நொடி, ஒரு நொடி எடுத்துக்கொள்ளும். அந்தச் சுற்றுக்குள் எது முந்தியது என்று அதற்குத் தெரியாது. தெரிந்த மாதிரி அச்சடித்துக் கொடுக்கும். நாடகக் குழுவிடம் இதைச் சொன்னபோதுதான் அவர்கள் கதைக்கே ஒரு பிடிமானம் கிடைத்தது. கதையில் விசாரணைக்கு ஆளாகும் பாத்திரம் அப்படி உள்ளே வந்தது.

இரண்டு முள்

முதலில் அவர்கள் வரைந்து வந்த பெட்டியில் ஒரே ஒரு முள்தான் இருந்தது. அது போதாது என்றேன். காலம் கலைவது என்று நாம் பொதுவாகச் சொல்வதில் இரண்டு தனி விஷயங்கள் இருக்கின்றன.

ஒன்று, காலத்தின் ஓட்டம் மாறுவது. இது கற்பனை இல்லை, அளந்தே பார்த்திருக்கிறார்கள். ஜிபிஎஸ் செயற்கைக்கோளில் இருக்கும் அணுக் கடிகாரம், தரையில் இருப்பதைவிட நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோநொடி வேகமாக ஓடுகிறது. உயரத்தில் ஈர்ப்பு குறைவதால் 45 மைக்ரோநொடி கூடுகிறது, வேகமாகச் சுற்றுவதால் 7 குறைகிறது. இதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் இடக் கணக்கு பத்து கிலோமீட்டர் அளவுக்குத் தவறிவிடும். இத்தனை உயரத்துக்குப் போக வேண்டும் என்றும் இல்லை. 1960இல் பவுண்ட், ரெப்கா என்ற இரண்டு இயற்பியலாளர்கள் ஹார்வர்டில் 22.5 மீட்டர் உயர வித்தியாசத்திலேயே இந்த விளைவை அளந்து காட்டினார்கள். 2010இல் அமெரிக்காவில் இரண்டு அணுக் கடிகாரங்களில் ஒன்றை வெறும் 33 சென்டிமீட்டர் உயர்த்தியபோது, உயர்ந்த கடிகாரம் வேகமாக ஓடுவது தெரிந்தது. மேசை மேல் வைத்த கடிகாரமும் தரையில் வைத்த கடிகாரமும் ஒரே காலத்தில் வாழவில்லை. எத்தனை தடவை படித்தாலும் எனக்கு உடம்பு சிலிர்க்கிற விஷயம் இது.

இரண்டாவது, வரிசை மாறுவது. காரணத்துக்கு முன்னால் விளைவு வருவது. இதை இதுவரை யாரும் எங்கும் பார்த்ததில்லை.

ஆகவே கருவிக்கு இரண்டு முள் வைத்தோம், ஓட்ட முள், வரிசை முள் என்று. ஓட்ட முள் நிஜ உலகத்திலேயே அசையக்கூடியது. வரிசை முள் கதையில் மட்டும் அசையக்கூடியது. ஓட்டத்தில் வந்த கோளாறு வரிசைக் கோளாறு மாதிரி வேஷம் போட்டு வரும். கம்ப்ரஸர் பேனலில் நடந்தது அதுதான். இரண்டு முள்ளும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தால் பார்ப்பவருக்கு அந்தச் சந்தேகம் தானாக வரும்.

வரிசை முள் எப்போது அசைய வேண்டும்? இரண்டு நிகழ்வுக்கு இடையில் உள்ள தூரத்தை, அந்தச் செய்தி பயணம் செய்யும் வேகத்தால் வகுத்தால், குறைந்தபட்சம் ஆக வேண்டிய நேரம் கிடைக்கும். விளைவு அதைவிடச் சீக்கிரம் வந்தால் ஏதோ தப்பு. கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையில் சுமார் 22 கிலோமீட்டர். கடலூரில் வெடித்த வெடியின் சத்தம் புதுச்சேரி வரை கேட்கும் என்று வைத்துக்கொண்டால், அது வந்து சேர ஒரு நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல் ஆகும். அதன் வெளிச்சம் வர 73 மைக்ரோநொடி. சத்தம் அரை நிமிடத்தில் வந்தால் அதிசயம்தான், ஆனால் காலம் உடைந்துவிடவில்லை. போன் வழியாக யாராவது கேட்க வைத்திருக்கலாம். வெளிச்சத்துக்கான 73 மைக்ரோநொடிக்கும் முன்னால் வந்தால்தான் உண்மையில் வரிசை மீறல்.

அந்த 73 மைக்ரோநொடிக்குள்ளேயே இரண்டு ஊரிலும் ஏதாவது நடந்தால்? ஒன்று இன்னொன்றுக்குக் காரணமாக இருக்கவே முடியாது, ஏனென்றால் வெளிச்சம்கூடப் போய்ச் சேர நேரமில்லை. அந்த மாதிரி ஜோடியில் எது முன், எது பின் என்பது பார்ப்பவரின் வேகத்தைப் பொறுத்து மாறும் என்று 1905இல் ஐன்ஸ்டைன் காட்டினார். வெளிச்சம் போய்ச் சேர நேரம் இருக்கும் ஜோடிக்கு மட்டும் எல்லோருக்கும் ஒரே வரிசைதான். அதனால் வரிசை முள்ளின் தகட்டில் மூன்று பகுதிகள் வரைந்தோம்: வரிசை சரி, வரிசை பேச இடமில்லை, வரிசை மீறல். நடுப்பகுதி இல்லாத முன்பின்மானி சம்பந்தமில்லாத இரண்டு விஷயத்தை முடிச்சுப் போட்டு அலறிக்கொண்டே இருக்கும்.

கடற்கரைச் சோதனை

மேடையில் நிஜமாகவே வேலை செய்யும் பெட்டி வேண்டும் என்று குழு கேட்டதால், ஒளியை விட்டுவிட்டு ஒலியை எடுத்துக்கொண்டோம். 30 டிகிரி வெப்பத்தில் ஒலி நொடிக்கு ஏறத்தாழ 350 மீட்டர் போகும். 350 மீட்டர் இடைவெளியில் பெட்டிகளை வைத்தால் தட்டலுக்கும் கேட்டலுக்கும் நடுவில் ஒரு நொடி இருக்க வேண்டும். ஒவ்வொரு பெட்டியிலும் ஒரு மைக், புரோகிராமை ஓட்டும் மைக்ரோகன்ட்ரோலர் என்ற குட்டிக் கணினி, மெமரி கார்டு, அப்புறம் டிஎஸ் 1307 வகைக் கடிகாரச் சில்லு. முதல் நாள் மாலை ஒரே பொத்தானை இரண்டு பெட்டிக்கும் இணைத்து, ஒரே அழுத்தில் இரண்டிலும் நேரத்தைத் தொடங்கி வைத்தார்கள். மறுநாள் மதியம் சோதனை.

வர வேண்டியது கூட்டல் 1.0 நொடி. வந்தது கழித்தல் 0.4. ஆக 1.4 நொடியைக் காணவில்லை.

பெட்டியைத் திறக்கும் முன் ஒரே ஒரு வேலை செய்யச் சொன்னேன்: குழாயையும் சுத்தியலையும் எடுத்துக்கொண்டு அந்த முனைக்கு நட, அங்கிருந்து தட்டு. பெட்டிகளைத் தொடாதே. இப்போது காரணம் வடக்கே, விளைவு தெற்கே.

வந்த விடை: கூட்டல் 2.4 நொடி.

தெற்கிலிருந்து தட்டினால் விளைவு 0.4 நொடி முந்துகிறது. வடக்கிலிருந்து தட்டினால் 2.4 நொடி பிந்துகிறது. இரண்டையும் கூட்டிப் பாதியாக்கினால் 1.0, அதாவது ஒலி உண்மையில் எடுத்துக்கொண்ட நேரம். இரண்டின் வித்தியாசத்தைப் பாதியாக்கினால் 1.4, அதாவது இரண்டு பெட்டிக்கும் இடையில் உள்ள நேரப் பிழை. காலம் கலையவில்லை. தெற்குப் பெட்டியின் பதிவு வடக்குப் பெட்டியைவிட 1.4 நொடி முன்னால் இருக்கிறது. அவ்வளவுதான்.

இந்தப் பாதிக் கணக்கு நம் கண்டுபிடிப்பு இல்லை. இணையத்தில் கணினிகள் ஒன்றுக்கொன்று நேரம் ஒத்துக்கொள்வது இதே போக்குவரத்துக் கணக்கில்தான். ஐன்ஸ்டைன் 1905இல் இரண்டு கடிகாரத்தை ஒத்திசைக்கச் சொன்ன வழியும் இதுதான். ஒலிக்குப் பதில் ஒளி. ஆனால் இதில் ஒரு நிபந்தனை ஒளிந்திருக்கிறது. போகும் நேரமும் வரும் நேரமும் சமம் என்று வைத்துக்கொள்ள வேண்டும். கடற்கரையில் அது சரியாக அமையாது. கடல்காற்று தென்கிழக்கிலிருந்து அடிக்கும்போது வடக்கே போகும் சத்தத்தைத் தள்ளிவிடும், தெற்கே வரும் சத்தத்தைத் தடுக்கும். கரையோரமாக நொடிக்கு 6 மீட்டர் காற்று இருந்தால் ஒவ்வொரு பக்கமும் 17 மில்லிநொடி வித்தியாசம் வரும். நம் 1.4 நொடிக்கு முன் அது ஒன்றுமில்லை. ஆனால் கருவி எந்த அளவுக்கு நம்பத்தக்கது என்பதன் எல்லை அங்கேதான் இருக்கிறது.

அடுத்து, 1.4 எங்கிருந்து வந்தது என்று துண்டு துண்டாகப் பிரித்தோம்.

பெரிய துண்டு படிகத்தின் ஓட்டம். கைக்கடிகாரத்திலும் இந்தச் சில்லிலும் இருப்பது நொடிக்கு 32,768 முறை அதிரும் குவார்ட்ஸ் படிகம். அந்த எண் 2ஐ 15 முறை பெருக்கினால் வருவது. பதினைந்து முறை பாதியாக்கினால் சரியாக ஒரு நொடித் துடிப்பு கிடைக்கும் என்பதற்காகத் தேர்ந்த எண். சாதாரணப் படிகம் பத்து லட்சத்தில் 20 வரை பிசகலாம். கேட்க ஒன்றுமில்லாத மாதிரி இருக்கும், ஆனால் ஒரு நாளைக்கு 1.7 நொடி. நம் பெட்டிகளை வீட்டுக்குள் வைத்துத் தனியாக ஓட்டிப் பார்த்தபோது, இரண்டுக்கும் இடையில் பத்து லட்சத்தில் 14 அளவு வித்தியாசம் இருந்தது. முதல் நாள் மாலையிலிருந்து சோதனை நேரம் வரை 20 மணி நேரம் என்று வைத்தால் 1.0 நொடி அதிலேயே வந்துவிடுகிறது.

இரண்டாவது துண்டு வெயில். இந்த வகைப் படிகம் 25 டிகிரி அருகில்தான் சரியாக ஓடும். அதற்கு மேல் சூடானாலும் மெதுவாகும், கீழே குளிர்ந்தாலும் மெதுவாகும்; விலகல், வெப்ப வித்தியாசத்தின் வர்க்கமாக ஏறும். தெற்குப் பெட்டி படகு நிழலில் இருந்தது. வடக்குப் பெட்டி மூடி அடைத்த கறுப்புப் பிளாஸ்டிக் டப்பாவாக உச்சி வெயிலில் மணல் மேல் கிடந்தது. கையில் எடுத்தவன் சுட்டுவிட்டது என்று கீழே போட்டான். உள்ளே 55 டிகிரி இருந்தால் படிகம் பத்து லட்சத்தில் 30 மெதுவாகும். இரண்டு மணி நேரத்தில் 0.2 நொடி. மெதுவாகிய பெட்டி எல்லாவற்றையும் சீக்கிரம் நடந்ததாகத்தான் எழுதும்.

மூன்றாவது துண்டு புரோகிராமில் இருந்தது. தெற்குப் பெட்டியில், மைக் சத்தத்தைப் பிடித்ததும் முதலில் மெமரி கார்டில் ஒரு வரி எழுதிவிட்டு, அதற்குப் பிறகு நேரத்தைப் படிக்கும்படி வரிகள் அமைந்திருந்தன. கார்டு எழுதி முடிக்கும் வரை மைக்ரோகன்ட்ரோலர் காத்திருக்கும். அங்கே இன்னொரு 0.2. வடக்குப் பெட்டியில் வரிசை சரியாக இருந்தது; நேரத்தைப் படித்துவிட்டுத்தான் எழுதியது. முன்பின் அளக்கும் கருவிக்குள்ளேயே முன்பின் மாறியிருந்தது. நேரத்தைக் கடைசியில் குறிப்பது ஆலைகளிலும் நடக்கும் கோளாறுதான். நிகழ்வு நடந்த இடத்தில் நேர முத்திரை குத்தாமல், செய்தி சர்வருக்கு வந்து சேர்ந்த பிறகு குத்துவார்கள். வழியில் எவ்வளவு நேரம் வரிசையில் நின்றது என்பது பதிவிலேயே இருக்காது.

வெப்பத்துக்குத் தானே ஈடுகட்டும் டிஎஸ் 3231 சில்லைப் போட்டு, புரோகிராமைத் திருத்தி, கூடவே ஜிபிஎஸ் மாட்யூல் தரும் நொடித் துடிப்போடு இரண்டு பெட்டியையும் கட்டிவிட்டோம். அதற்குப் பிறகு இரண்டு முனையிலிருந்து தட்டினாலும் ஒரு நொடியை ஒட்டியே வந்தது, காற்றுக்கு ஏற்ற சிறு வித்தியாசத்தோடு.

பெரிய இடத்திலும் இதே கதை

குழுவில் ஒருவருக்கு இது ஏமாற்றமாக இருந்தது. நிஜ விஞ்ஞானிகளுக்கு இப்படியா நடக்கும் என்றார். நடந்திருக்கிறது. 2011 செப்டம்பரில், ஜெனீவா அருகே உள்ள செர்ன் ஆய்வகத்திலிருந்து இத்தாலியின் கிரான் சாஸோவுக்கு 730 கிலோமீட்டர் பூமிக்குள் அனுப்பிய நியூட்ரினோ என்ற நுண்துகள்கள், ஒளி வர வேண்டிய நேரத்துக்கு ஏறத்தாழ 60 நானோநொடி முன்னால் வந்ததாக ஓபரா சோதனைக் குழு அறிவித்தது. ஒளியை முந்துவது உண்மையானால் காரண வரிசையே ஆட்டம் கண்டுவிடும். அவர்கள் வெற்றி முழக்கம் இடவில்லை. பல மாதம் தேடியும் பிழை கிடைக்கவில்லை, நீங்களும் பாருங்கள் என்று உலகத்தின் முன் வைத்தார்கள். சில மாதம் கழித்துப் பிழை கிடைத்தது. ஜிபிஎஸ் நேரத்தைக் கொண்டுவரும் ஒளியிழைக் கேபிளின் இணைப்பு முழுதாகத் திருகப்படாமல் இருந்தது. கடிகாரத் துடிப்பு ஒன்றிலும் கோளாறு இருந்தது, அது எதிர்த் திசையில் இழுத்தது. 2012இல் மற்றச் சோதனைகளும் நியூட்ரினோ ஒளியை முந்தவில்லை என்று உறுதி செய்தன.

சந்தேகத்துக்குரிய அளவை வெளியே வைத்துக் கேட்பதற்கு ஒரு துணிவு வேண்டும். அவர்களிடம் அது இருந்தது. நாடகத்தில் கருவியைப் பார்த்துக்கொள்ளும் பாத்திரத்துக்கு இந்தக் குணத்தைத்தான் கொடுக்கச் சொன்னேன்.

புதுச்சேரி மண்ணிலேயே நேரத்துக்காகத் தவம் கிடந்தவர் ஒருவர் இருக்கிறார். பிரெஞ்சு வானியலாளர் கியோம் லெ ஜான்தி, சூரியனுக்குக் குறுக்கே வெள்ளி போவதைப் புதுச்சேரியிலிருந்து பார்க்கக் கிளம்பினார். வந்து சேர்வதற்குள் ஊர் ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது. 1761 ஜூன் 6 அன்று அவர் இந்தியப் பெருங்கடலில் கப்பல் மேல் இருந்தார். வெள்ளியைக் கண்ணால் பார்த்தார், ஆனால் ஆடும் கப்பலில் ஊசல் கடிகாரம் சரியாக ஓடாது, நிற்கும் இடமும் துல்லியமாகத் தெரியாது. நேரம் இல்லாத அவதானிப்பு கணக்குக்கு உதவவில்லை. எட்டு வருடம் ஊர் திரும்பாமல் காத்திருந்து, புதுச்சேரியில் வானாய்வுக்கூடம் அமைத்துக் கடிகாரமும் கையுமாக 1769 ஜூன் 4 காலையில் நின்றபோது மேகம் மறைத்துவிட்டது. முதல் தடவை காட்சி இருந்தது, கடிகாரம் இல்லை. இரண்டாவது தடவை கடிகாரம் இருந்தது, காட்சி இல்லை.

அதே புதுச்சேரியில் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர் ஒருவர், எதையும் எழுதாமல், தரையில் சோழிகளைப் பரப்பி மனப்பாட வாய்பாடுகளைக் கொண்டே 1825 மே 31 இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார் என்று, தென்னிந்தியப் பஞ்சாங்கக் கணக்குகளை ஆராய்ந்த ஜான் வாரன் பதிந்து வைத்திருக்கிறார். தொடக்கத்தில் பிழை 4 நிமிடம், நடுவில் 23, முடிவில் 52. எனக்கு அந்த மனிதர் மேல் பெரிய மரியாதை உண்டு. பிழை ஒரே அளவாக இல்லாமல் ஏறிக்கொண்டே போவதையும் கவனியுங்கள். முறைக்கு உள்ளே இருக்கும் பிழை இப்படித்தான் ஒரு வடிவத்தோடு வரும். நம் படிகத்தின் பிழை மணிக்கு மணி ஏறியதும் அப்படியே. அதனால் முன்பின்மானியின் தகட்டில் அளவுக்குப் பக்கத்திலேயே பிழை எவ்வளவு என்று காட்டும் இடம் விட்டோம்.

அலகு என்ன வைப்பது என்பதில் கொஞ்சம் வாக்குவாதம் நடந்தது. நாழிகை, விநாழிகை என்று எழுதினால் அழகாக இருக்கும் என்றார்கள். ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு விநாழிகை 24 நொடி, 0.4 நொடியை அதில் காட்ட முடியாது. மில்லிநொடி என்று முடிவானது. பழைய காலத்துக் காட்சியில் மட்டும் நாழிகை வருகிறது. அந்தக் காட்சிக்காக இன்னொரு திருத்தமும் சொன்னேன். இந்திய நேரம் 82.5 பாகைத் தீர்க்கரேகையில் கட்டியது. புதுச்சேரி அதற்கு மேற்கே இருக்கிறது. இங்கே சூரியக் கணக்கு நேரம் இன்றைய கடிகாரத்துக்கு ஏறத்தாழ 10 நிமிடம் 40 நொடி பின்னால். கதையில் அன்றைய உச்சிப்பொழுதையும் இன்றைய 12 மணியையும் ஒன்றாக வைத்தால் கருவி அங்கேயே தவறு சொல்லும்.

சுனாமிக் காட்சி

எழுதுவதற்குக் கடினமாக இருந்த பகுதி இது. கடலூரில் நடக்கும் கதையில், காரணம் எங்கோ இருந்து விளைவு இங்கே வருவதைப் பேசிவிட்டு 2004 டிசம்பர் 26ஐத் தொடாமல் போக முடியாது. சுமத்ராவுக்கு அருகே கடலடியில் பூமி அசைந்தது நம் நேரப்படி காலை 6:28:53. இங்கிருந்து சுமார் 2,000 கிலோமீட்டர். நில அதிர்வு நாலைந்து நிமிடத்தில் நம் கரைக்கு வந்துவிட்டது, உணர்ந்தவர்கள் இருக்கிறார்கள். ஒரு தந்தியோ போனோ வந்திருந்தால் அதற்கும் முன்பே வந்திருக்கும். தண்ணீர் மட்டும் அதன் வேகத்தில் வந்தது. 4,000 மீட்டர் ஆழத்தில் சுனாமி மணிக்கு ஏறத்தாழ 700 கிலோமீட்டர் வேகத்தில் போகும். தேவனாம்பட்டினத்தில் அலை ஏறியபோது இரண்டு மணி நேரத்துக்கும் மேல் கடந்திருந்தது. கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600 பேருக்கு மேல் இறந்துபோனார்கள்.

முதல் வரைவில், அந்தக் காலையில் முன்பின்மானியின் வரிசை முள் அசைவதாக எழுதியிருந்தார்கள். நான் ஒத்துக்கொள்ளவில்லை. அன்றைக்குக் கால வரிசையில் எந்த மீறலும் இல்லை. காரணம் முன்னால், விளைவு பின்னால், நடுவில் இரண்டு மணி நேரம் வெறுமனே கிடந்தது. இல்லாமல் போனது சொல்வதற்கு ஆள். இந்தியாவின் சுனாமி எச்சரிக்கை மையம் ஹைதராபாத்தில் தொடங்கியது 2007இல்தான். அன்றைய துயரத்தைக் காலத்தின் மர்மமாக மாற்றிவிட்டால் அந்த இரண்டு மணி நேரத்துக்கு யாரும் பதில் சொல்ல வேண்டியதில்லை என்று ஆகிவிடும். மேடைக்கு முன்னால் உட்காரப் போகிறவர்களில் அன்று ஆளை இழந்தவர்களும் இருப்பார்கள். குழுவில் தேவனாம்பட்டினத்துப் பையனும் இருந்தான். அவன்தான் முதலில் தலையாட்டினான்.

இப்போது அந்தக் காட்சியில் வரிசை முள் "சரி" என்ற இடத்திலேயே நிற்கிறது. பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு சாதாரணக் கடிகாரம் ஓடுகிறது, பாத்திரங்கள் யாரும் அதைப் பார்ப்பதில்லை.

கருவிக்கும் இதில் ஒரு பாடம் இருந்தது. அந்த நிலநடுக்கம் ஒரு கணத்தில் முடிந்துவிடவில்லை. பிளவு வடக்கே அந்தமான் பக்கம் வரை ஏறத்தாழ 1,300 கிலோமீட்டர் நீள, 8 முதல் 10 நிமிடம் ஆனது. காரணம் என்பது ஒரு புள்ளி என்று வைத்துக் கணக்குப் போட்டால், வடக்கிலிருந்து கிளம்பிய அலை "சீக்கிரம்" வந்த மாதிரி தெரியும். அதனால் தகட்டில் காரணத்தைக் குறிக்கும் கோட்டுக்கு ஒரு அகலம் கொடுத்தோம். விளைவு அந்த அகலத்தின் தொடக்கத்துக்கும் முன்னால் வந்தால் மட்டும்தான் மீறல்.

மேடைக்குப் போன வடிவம்

பெட்டியில் இப்போது மூன்று கடிகாரம் இருக்கிறது. இரண்டு வேறுபட்டால் எது தப்பு என்று தெரியாது. மூன்று இருந்தால் தனித்து நிற்பது தெரியும். மூன்றும் ஒரே வகைச் சில்லாக இருக்கக் கூடாது என்பதையும் சேர்த்துச் சொன்னேன், ஒரே வெயில் மூன்றையும் ஒரே மாதிரி ஏமாற்றிவிடும். ஒன்று ஜிபிஎஸ், ஒன்று டிஎஸ் 3231, ஒன்று சும்மா ஊசல். ஊசல் துல்லியத்துக்காக இல்லை. அது கெடும் விதம் மற்ற இரண்டும் கெடும் விதத்தோடு ஒத்துப்போகாது என்பதற்காக.

கதையின் உச்சத்தில் வரிசை முள் அசையத்தான் செய்கிறது. கற்பனை நாடகம், அசையட்டும். அதற்கு முன் ஒரு காட்சியைக் கட்டாயம் வைக்கச் சொன்னேன், வைத்திருக்கிறார்கள். முள் முதலில் அசைந்ததும் கருவியைப் பார்த்துக்கொள்ளும் பெண் யாரையும் கூப்பிடுவதில்லை. சுத்தியலை எடுத்துக்கொண்டு மேடையின் அடுத்த முனைக்கு நடந்து போய், அங்கிருந்து தட்டி, இரண்டு எண்ணையும் கரும்பலகையில் எழுதிக் கூட்டிப் பாதியாக்குகிறாள். அப்புறம் பெட்டிகளை இடம் மாற்றுகிறாள். அப்புறம் நிழலுக்குக் கொண்டுபோகிறாள். நாலு நிமிடம் வசனமே இல்லை. இவ்வளவு நேரம் சபை தாங்குமா என்று இயக்குபவருக்குப் பயம். ஒத்திகைக்கு ஆலையிலிருந்து நான் கூட்டி வந்த இரண்டு ஷிப்ட் ஆட்கள் அந்த நாலு நிமிடமும் முன்வரிசையில் குனிந்து அவளோடு சேர்ந்து கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். காட்சியை வெட்டவில்லை.